கட்டிலுக்கு எதிரே அந்த ஆணி

குங்குமம் கலையாமல் போய்ச் சேர்ந்த என் அக்கா சாரதாவுக்கு,

உங்கள் இடத்துக்கு வந்தவள் எழுதுகிறேன். நீங்கள் என்னைப் பார்த்ததில்லை. நானோ உங்களைப் பார்க்காத நாள் இல்லை.

சாரதா என்பது உங்கள் பெயர் இல்லை. பத்திரிகைக்கு அனுப்புகிற கடிதம் என்பதால் எல்லாருடைய பெயரையும் மாற்றியிருக்கிறேன். உங்களுக்கு மட்டும் எழுதலாம் என்றால் விலாசம் கிடையாது. பூஜை அறையில் முணுமுணுத்தால் பகவான் கேட்பார். நீங்கள் கேட்பீர்களா என்பது சந்தேகம். தவிர, இந்த ஊரில் என்னைப் போல ஒரே வீட்டுக்குள் தனியாக இருக்கிற நாலு பெண்கள் காதில் விழுந்தாலும் நல்லதுதானே.

போன மாதம் நம் வீட்டில் சுமங்கலிப் பிரார்த்தனை நடந்தது. உங்களுக்காகத்தான். உங்களுக்கென்று வைத்த புடவையை நான் கட்டிக்கொண்டேனா, மாட்டேன் என்றேனா என்று சொல்லத்தான் உட்கார்ந்திருக்கிறேன். ஆனால் அதற்கு முன்னால் உங்கள் மேல் எனக்கிருந்த பொறாமையைச் சொல்லியாக வேண்டும். பாதியிலிருந்து கூட்டினால் எந்தக் கணக்கும் சரியாக வராது.

நான் அம்பாசமுத்திரத்துக்கு அந்தப் பக்கம் பிறந்தவள். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடம் நின்றது. மீதியை நானே படித்துக்கொண்டேன். மலையாளம் கிழக்கேகோட்டையில் பஸ் போர்டு பார்த்துப் படித்தது. வருமான வரிப் படிவம் அவருடைய பழைய கட்டுகளைப் பிரித்துப் பார்த்துப் படித்தது. ஜாதகம் சரியில்லை என்று தள்ளிப்போய்க்கொண்டே இருந்த பெண்ணுக்கு, திருவனந்தபுரத்தில் கோட்டைக்குள் சொந்த வீடும் சர்க்கார் உத்தியோகமும் உள்ள மாப்பிள்ளை வந்தபோது, இரண்டாம் தாரமா என்று யாரும் மூச்சுவிடவில்லை. நானும்தான்.

கல்யாணமாகி முதல்முதலாக அறைக்குள் போனபோது நான் பார்த்தது அவரை இல்லை, உங்களை. கட்டிலுக்கு நேர் எதிர்ச் சுவரில், சந்தன மாலை போட்டுக்கொண்டு, அகலமான நெற்றியில் பெரிய பொட்டுடன் இருந்தீர்கள். உங்களுக்குக் கீழே ஒரு சின்னச் சிவப்பு பல்பு. அது அணைவதே கிடையாது. பெரிய விளக்கை அணைத்த பிறகும் அந்த அறையில் இருட்டு என்று ஒன்று வந்ததில்லை. எனக்கும் அவருக்கும் நடந்த கொஞ்சமும், நடக்காமல் போன மிச்சமும் அந்தச் சிவப்பு வெளிச்சத்தில்தான். அவர் கை என் மேல் இருக்கும். முகம் சுவர்ப் பக்கம் இருக்கும்.

ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, அந்த பல்பை மட்டும் அணைக்கலாமா என்று கேட்டேன். "அது அணைக்கப்படாது" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. மழைக்குள் குடையில்லாமல் போகக்கூடாது என்று சொல்வதுபோல்தான் சொன்னார். கொஞ்ச காலத்தில் முதுகுவலி என்று தன் பாயையும் தலையணையையும் ஹாலுக்கு எடுத்துக்கொண்டு போனார். முதுகு சரியாயிற்று. பாய் திரும்பி வரவில்லை. பெரிய கட்டிலில் நானும், சுவரில் நீங்களும் மிஞ்சினோம்.

பகலில் மட்டும் விட்டீர்களா? உங்கள் பிறந்தகத்தில் சீர் கொடுத்த பாத்திரம் எல்லாவற்றிலும் பெயர் வெட்டியிருக்கிறது. வெண்கலப் பானை, பால் சொம்பு, கரண்டிக்காம்பு வரைக்கும் புள்ளி புள்ளியாக சாரதா, சாரதா. எனக்கு வந்த எவர்சில்வரை அவர் பரணில் ஏற்றினார். "நல்ல பாத்திரம் இருக்கச்சே எதுக்கு" என்றார். இத்தனை வருஷமும் புளியும் சாம்பலும் போட்டு உங்கள் பெயரை நானே துலக்கித் துலக்கிப் பளபளப்பாக்கி வைத்திருக்கிறேன்.

ரசம் வைத்தால், "சாரதா ரசம் வெச்சா தெருவே மணக்கும்." தலைவலி என்றால், "சாரதா ஒரு நாள் படுத்துண்டு நான் கண்டதில்லை." செத்தவர்களோடு எப்படிச் சண்டை போடுவது? அவர்கள் ரசத்தில் உப்பு அதிகமாகாது. அவர்களுக்கு நரை விழாது. ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசமாட்டார்கள்.

கோயிலுக்குப் போய் அழுவேன். நம் பத்மநாபனை மூன்று வாசல் வழியாகத்தானே பார்க்க முடியும்? திருமுகம் ஒரு வாசலில், நாபி ஒரு வாசலில், பாதம் ஒரு வாசலில். எனக்குக் கிடைத்த புருஷனும் அப்படித்தான் என்று நினைத்துக்கொள்வேன். முகத்துக்கு நேரான வாசலை அக்காவுக்குத் திறந்துவிட்டு என்னைப் பாதத்துக்கு நேரே நிறுத்திவிட்டாயே என்று அவனிடமே கேட்டிருக்கிறேன். நடுவாசலில் இரண்டு தேவிமார் பக்கத்தில் பக்கத்தில் இருக்கிறார்கள். அவர்களுக்குள் ஒன்றும் இருக்காதா?

உங்கள் மகள் காயத்ரிக்குக் கல்யாணம் நிச்சயமாயிற்று, அதைச் சொல்லவேண்டும். கழக்கூட்டத்தில் அவள் ஃபிளாட் எடுத்துத் தங்கி வேலை பார்க்கிற அதே ஆபீசில் உள்ள பையன், அவளே பார்த்தது. இரண்டு வீட்டிலும் சம்மதம். வீட்டில் ஒரு சுமங்கலி போயிருக்கிறாள் என்றால் கல்யாணத்துக்கு முன்னால் அவளை அழைத்து, புதுப்புடவை வைத்து, இலை போட்டு, வயிறும் மனசும் நிறைய வைத்து அனுப்ப வேண்டும், இல்லையா? நாள் பார்த்தார்கள். நம் வீட்டில் அந்தப் புடவையைக் கடைசியில் இளையாள் கட்டிக்கொள்வது வழக்கம் என்று பெரிய நாத்தனார் போனில் சொன்னாள். அப்போதே முடிவு செய்துவிட்டேன். உங்கள் பாத்திரத்தில் சமைக்கிறேன், உங்கள் கட்டிலில் படுக்கிறேன். உங்கள் புடவையை மட்டும் உடம்பில் சுற்றமாட்டேன்.

நாள் பார்த்ததிலிருந்து அவர் ஆளே மாறிப்போனார். ஒரு முழம் பூ வாங்கக்கூட என்னோடு கடைவாசல் மிதிக்காதவர், சவரம் செய்துகொண்டு, தேய்த்த சட்டை போட்டுக்கொண்டு, புடவை எடுக்கச் சாலைக் கடைவீதிக்குப் புறப்பட்டார். நானும் கூடப் போனேன். எதற்குப் போனேன் என்று கேட்காதீர்கள். வலிக்கிற பல்லை நாக்கு போய்த் தொட்டுக்கொண்டே இருக்குமே, அதற்குத்தான்.

கடைக்காரர் ஒன்பது கஜமாகப் பிரித்துப் பிரித்துப் போட்டார். இவர் ஒவ்வொன்றையும் கையில் எடுத்து, வாசலுக்குக் கொண்டுபோய் வெயிலில் பிடித்துப் பார்த்தார். அந்த விரல்கள் ஒரு துணியை அப்படி மெதுவாகத் தடவும் என்று எனக்குத் தெரியாது. கடைசியில் மாம்பழக் கரை போட்ட அரக்கு ஒன்று. கடைக்காரர் அதன் தலைப்பை எடுத்து என் தோளில் போட்டு, "மாமிக்கு நல்லா சேரும்" என்றார்.

"அவளுக்கில்லே. என் ஆத்துக்காரிக்காக்கும்" என்றார் இவர்.

கடைக்காரர் என்னைப் பார்த்தார், அவரைப் பார்த்தார். "அப்போ இது ஆரு?" என்று கேட்டார்.

இவருக்கு அந்தக் கேள்வி காதில் விழவே இல்லை. பில் போடச் சொல்லிவிட்டார். நான் என் தோளிலிருந்த தலைப்பை எடுத்து மடித்துக் கொடுத்தேன். மடிப்பு கோணலாக வந்தது. மறுபடி பிரித்து நேராக மடித்தேன்.

அடுத்த நாள் உங்களுக்குப் பிடித்ததையெல்லாம் சொல்ல உட்கார்ந்தார். நான் தரையில் உட்கார்ந்து சாமான் பட்டியல் எழுதினேன். தேங்காய்ப் போளிதான் வேண்டும், பருப்புப் போளியை அவள் தொடமாட்டாள். எரிசேரிக்குச் சேனை மட்டும். சுகியனில் ஏலக்காய் தூக்கலாக. உளுந்து வடை மெத்தென்று இருக்கவேண்டும், மொறுமொறுவென்று இருந்தால் அவளுக்கு ஆகாது. அக்கா, அவர் குரலை நீங்கள் கேட்டிருக்க வேண்டும். கண்ணை மூடிக்கொண்டு, நாக்கில் இப்போதுதான் வைத்தாற்போல் சொன்னார். அந்தக் குரலில் என்னிடம் ஒரு நாள் நல்லெண்ணெய் பாக்கி இருக்கிறதா என்று கேட்டிருந்தால்கூட நான் உருகிப் போயிருப்பேன்.

எழுதிக்கொண்டே வந்தபோது ஒன்று தோன்றியது. பருப்புப் போளியைத் தொடாதவர் இவர்தான். மெத்தென்ற வடை கேட்பவரும் இவர்தான். ஒருத்தரோடு ஒருத்தர் வாழ்ந்து வாழ்ந்து நாக்கு ஒன்றாகிவிட்டது போலிருக்கிறது என்று நினைத்து, அதற்கும் சேர்த்துப் பொறாமைப்பட்டேன்.

பிரார்த்தனைக்கு முதல் நாள் மத்தியானம் காயத்ரி வந்தாள். கழக்கூட்டத்திலிருந்து கோட்டைக்கு வருவதற்குள் பஸ்ஸில் கசங்கி, முகம் கறுத்திருந்தது. ஒரு டம்ளர் மோரைக் குடித்துவிட்டு என்னோடு அடுக்களையில் போளிக்குத் தேங்காய் துருவ உட்கார்ந்தாள். மறுநாள் நனைத்து மடியாக உலர்த்துவதற்காகப் புடவையை எடுத்து வைத்திருந்தேன். அதைப் பார்த்தாள்.

"இது யாருக்கு சித்தி?"

"உங்க அம்மாவுக்குத்தான். அப்பா பார்த்துப் பார்த்து எடுத்தார்."

"அரக்கா?" துருவுவதை நிறுத்திவிட்டாள். "அம்மா அரக்கே கட்டமாட்டாளே. பச்சைன்னாத்தான் உசிரு. மாந்தளிர் மாதிரி ஒரு பச்சை."

"அப்பா சொன்னாரே, இதுதான்னு."

"அப்பாவுக்கு எப்படித் தெரியும்?" என்றாள் உங்கள் மகள்.

குற்றம் சொல்கிற குரல் இல்லை அது. உண்மையாகவே கேட்டாள். அதுவரை உங்கள் பேச்சை நான் அவளிடம் எடுத்ததே இல்லை. நான் சாமான் பட்டியலை எடுத்து ஒவ்வொன்றாகப் படித்தேன். அவள் ஒவ்வொன்றுக்கும் தலையை ஆட்டிக்கொண்டே வந்தாள். தேங்காய்ப் போளி, இல்லை. சேனை எரிசேரி, அம்மாவுக்கு நாக்கு அரிக்கும். சுகியன், சிரித்தே விட்டாள்.

"இது மொத்தமும் அப்பாவோட அம்மா சமையலாக்கும், சித்தி. அரக்கும் அவா கட்டறதுதான். அம்மா இருக்கச்சே அப்பா சதா இதைத்தான் சொல்லிண்டிருப்பார். எங்கம்மா போளி மாதிரி வருமா, எங்கம்மா வடை மாதிரி வருமான்னு. அம்மா ஒண்ணும் பறையமாட்டா. பின்கட்டுல போய் உக்காந்துண்டு சுட்ட பப்படத்தை நொறுக்கிப் போட்டுக் கஞ்சி குடிப்பா. அவளுக்குப் பிடிச்சது அவ்வளவுதான்."

அவள் மறுபடி துருவ ஆரம்பித்தாள். தலை நிமிராமல் மிச்சத்தையும் சொன்னாள்.

"பெட்ரூம்ல அம்மா போட்டோ இருக்கே, அந்த ஆணியும் சிவப்பு பல்பும் பழசு. அப்போ அதுல அப்பாவோட அம்மா இருந்தா. அம்மா போனப்புறந்தான் அவாளை ஹாலுக்கு மாத்திட்டு அம்மாவை மாட்டினார். அம்மா என்னோட பின்கட்டு அறையிலதான் படுத்துப்பா. கேட்டா, அங்க வெளிச்சமா இருக்கு, தூக்கம் வரலைடீம்பா."

நான் சிரித்தேன். குழந்தை பயந்துபோய் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

அக்கா, நீங்களும் அந்தச் சுவரைப் பார்த்துக்கொண்டு படுத்திருந்தீர்களா? நீங்களும் அந்த பல்பை அணைக்கலாமா என்று கேட்டீர்களா? உங்களுக்கும் அதே பதில்தான் கிடைத்ததா? அவர் கை உங்கள் மேல் இருந்தபோது முகம் எந்தப் பக்கம் இருந்தது?

இதைக் கேட்டதும் எனக்கு ஆறுதல் வந்திருக்கும் என்று படிக்கிறவர்கள் நினைப்பார்கள். இல்லை. ஏமாற்றம்தான் வந்தது. பொறாமை என்றால் சும்மாவா? அதை ஒரு சொத்து மாதிரிக் காப்பாற்றி வைத்திருந்தேன். ஒருத்தியாவது அந்த மனுஷனிடம் அன்பை வாங்கியிருக்கிறாள், அது இந்த உலகத்தில் கிடைக்கிற சரக்குதான், எனக்குத்தான் வாய்க்கவில்லை என்று எண்ணிக்கொண்டிருந்தேன். அதுவும் போயிற்று.

பிறகு ஆறின நெருப்பை ஊதினமாதிரி மறுபடி பற்றிக்கொண்டது. இருந்தபோது கிடைக்காததெல்லாம் போனபிறகு உங்களுக்குக் கிடைத்ததே! உங்கள் ரசம் மணந்தது, உங்கள் முகத்துக்கு விளக்கு எரிந்தது. அப்படியானால் எனக்கும் வழி அது ஒன்றுதானா? நான் போய்ச் சேர்ந்தால், இன்னொருத்தி வந்து என் ரசத்தின் பெருமையைக் கேட்டுக் கண்ணைக் கசக்குவாள். உங்களை ஹாலுக்கு மாற்றிவிட்டு அந்த ஆணியில் என்னை மாட்டுவார். வரிசையில் அடுத்தது நான்தான்.

காயத்ரி கையை விடவில்லை. அவளுக்கும் ஒன்று சொல்ல வேண்டியிருந்தது. அந்தப் பையன் நல்லவன்தானாம். ஆனால் சண்டை வந்தால் முன்னால் பழகின ஒரு பெண்ணின் பெயரை எடுத்துவிடுகிறானாம். அவள் இப்படிப் பேசமாட்டாள், அவளுக்குப் பொறுமை அதிகம் என்று. அந்தப் பெண் இப்போது பெங்களூரில் இருக்கிறாள். இவள் ஆபீசில் உட்கார்ந்து அவள் போட்டோக்களைப் போனில் தேடித் தேடிப் பார்க்கிறாளாம். என்ன புடவை, யாரோடு நிற்கிறாள், இளைத்திருக்கிறாளா.

"நீங்க செத்துப்போனவாளோட மல்லுக்கட்டறேள், சித்தி. எனக்கு அந்தச் சௌகரியமும் இல்லை. எங்க ஃபிளாட்ல முக்காவாசிப் பேர் இப்படித்தான். ஒரே சோபா, ரெண்டு போன். இவனும் அப்பா மாதிரியே ஆயிடுவானோ?"

இதற்குப் பதில் உங்களுக்குத் தெரிந்தால் கனவிலாவது வந்து சொல்லுங்கள்.

பிரார்த்தனை நாளன்று ஒன்றிலும் குறை வைக்கவில்லை. பட்டியலில் இருந்ததை எல்லாம் அப்படியே செய்தேன், மெத்தென்ற வடை உட்பட. கோலம் போட்டு மணை வைத்து, கொசுவி மடித்த புடவைக்குப் பூ வைத்து விளக்கேற்றினோம். அழைத்த சுமங்கலிகள் எண்ணெய் தேய்த்துக் குளித்து ஈரத் தலையோடு வந்தார்கள். உங்களுக்கு இலை போட்டுப் பரிமாறினேன். ஒன்று மட்டும் என் இஷ்டத்துக்குச் செய்தேன். உங்கள் பெயர் வெட்டின சின்னக் கிண்ணத்தில் கஞ்சியும், மேலே ஒரு சுட்ட பப்படமும் இலை ஓரமாக வைத்தேன். "இதென்ன புதுசா?" என்றாள் நாத்தனார். காயத்ரி, "நான்தான் சொன்னேன் அத்தை" என்றுவிட்டாள்.

புடவையை எடுக்கிற நேரம் வந்தது. நாத்தனார் அதை என் பக்கம் நீட்டினாள். "இளையாள் கட்டிண்டாத்தான் மூத்தாளுக்குத் திருப்தி. வாங்கிக்கோ." மாட்டேன் என்று சொல்ல நான் வாயைத் திறந்தேன். அதற்குள் வாசற்படியில் நின்றிருந்த அவர் குரல் கேட்டது.

"வேண்டாம். இவளுக்கு அது சேராது."

அந்த ஒரு வார்த்தைக்காகத்தான் வாங்கிக்கொண்டேன், அக்கா. பக்தியால் இல்லை, உங்கள் மேல் வந்த பாசத்தாலும் இல்லை. ரோஷம். காயத்ரி பின்கட்டு அறையில் எனக்கு மடிசார் கட்டிவிட்டாள். புதுத்துணியின் ஈரம் இடுப்பில் சில்லென்று ஒட்டியது. வெளியே வந்து விளக்குக்கு முன்னால் நின்றேன்.

அவர் பார்த்தார்.

கல்யாணமான நாளிலிருந்து நான் காத்திருந்த பார்வை அது. முழு முகமும் என் பக்கம் திரும்பியிருந்தது. சுவரைப் பார்க்கவில்லை, கதவைப் பார்க்கவில்லை. கண் நிறைந்து கன்னத்தில் வழிந்தது. பத்துப் பெண்கள் சுற்றி நிற்கிறார்கள் என்பதுகூட எனக்கு மறந்துபோயிற்று.

"யாரைப் பார்க்கறேள்?" என்று கேட்டேன். நான் என்ன பதிலுக்கு ஆசைப்பட்டேன் என்று உங்களுக்குத் தெரியும். அது கிடைக்காவிட்டால் உங்கள் பெயரைச் சொல்வார் என்றும் தயாராக இருந்தேன்.

"அம்மா இப்படித்தான் நிப்பா" என்றார்.

நீங்களும் இல்லை, அக்கா. நானும் இல்லை. அவர் உங்கள் புடவையில் என்னை வைத்து அவருடைய அம்மாவைப் பார்த்துக்கொண்டிருந்தார். சிறு குழந்தை மாதிரித் துண்டை வாயில் வைத்துக்கொண்டு அழுதார். எனக்குக் கோபம் வரவில்லை. உங்கள் இலைக்கு முன்னால் விழுந்து நமஸ்காரம் செய்தேன். எழுந்திருக்கக் கொஞ்ச நேரம் பிடித்தது.

மறுநாள் காலையில் அவர் கோயிலுக்குப் போனதும், நானும் காயத்ரியும் ஸ்டூல் போட்டு உங்களை இறக்கினோம். பின்கட்டு அறையில், நீங்களும் குழந்தையும் படுத்திருந்த இடத்தில், ஜன்னலுக்கு நேரே மாட்டியிருக்கிறேன். முருங்கைமரம் தெரியும். காற்று வரும். பல்பு கிடையாது. பிறகு அந்தப் பழைய ஆணியைக் குறடு வைத்துப் பிடுங்கினேன். சுண்ணாம்பும் செங்கல்லுமாகக் கொட்டியது. இவ்வளவு ஆழமாக அடித்திருப்பார்கள் என்று நினைக்கவில்லை.

அவர் வந்து பார்த்தார். சுவரிலிருந்த ஓட்டையையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"ஆணி எங்கே?"

"பிடுங்கியாச்சு."

"எதுக்கு?"

"அடுத்த படம் என்னோடதுதானே? நான் அங்க வரதா இல்லை. என்னைப் பார்க்கணும்னா இப்போ பார்த்துக்கோங்கோ. மூச்சு இருக்கச்சே."

அவர் ஹாலுக்குப் போய்ப் பேப்பரைப் பிரித்தார், பக்கம் புரளவில்லை. கொஞ்ச நேரம் கழித்து அடுக்களை வாசலுக்கு வந்து நின்றார். இப்போது கேட்கப்போகிறார், என்னைப் பற்றி ஏதோ கேட்கப்போகிறார் என்று கரண்டியை வைத்துவிட்டுத் திரும்பினேன்.

"அந்தக் கஞ்சியும் பப்படமும்... சாரதாவுக்கு அதுதான் பிடிக்குமா?"

பார்த்தீர்களா? அப்போதும் உங்களைப் பற்றித்தான். பச்சைப் புடவையும் பிடிக்கும், பின்கட்டு அறையும் பிடிக்கும் என்று ஒரு மூச்சில் சொல்லிவிட்டேன். அவர் தலையைக் குனிந்துகொண்டார். விட மனசில்லை எனக்கு.

"எனக்கு என்ன பிடிக்கும்? சொல்லுங்கோ பார்ப்போம்."

சுவரைப் பார்க்காமல் என்னைப் பார்த்துதான் யோசித்தார். "தேங்காய்ப் போளி?" என்றார்.

"இல்லை."

"பின்னே?"

"நீங்களே கண்டுபிடிக்கணுமாக்கும்."

அதிலிருந்து தினமும் காலையில் காப்பி டம்ளரை வாங்கும்போது ஒன்று சொல்கிறார். சேவை. இல்லை. அவியல். இல்லை. நேற்று எங்கிருந்தோ யோசித்து, "மாம்பழப் புளிசேரி" என்றார்; அதுவும் தப்பு, ஆனால் பக்கத்தில் வந்துவிட்டார். நான் ஆமாம் என்று பொய் சொல்லிவிடலாமா என்று ஒரு நிமிஷம் தோன்றியது. சொல்லவில்லை. அவர் டம்ளரோடு நிற்கிற அந்தக் கொஞ்ச நேரம் எனக்கு வேண்டியிருக்கிறது.

பாய் இன்னும் ஹாலில்தான் இருக்கிறது. அந்த அறையில் இப்போது நல்ல இருட்டு. எவ்வளவு நல்ல இருட்டு, அக்கா. நீங்கள் ஒரு நாளாவது அதில் தூங்கியிருக்க வேண்டும்.

பொறாமை போய்விட்டதா என்று கேட்டால், இல்லை. உங்களுக்கு ஒரு மகள் இருக்கிறாள். கல்யாணப் பத்திரிகையில் உங்கள் பெயர்தான் தாயார் என்று போட்டிருக்கிறது. நான் பந்தலில் எங்கே நிற்பது என்று யாரும் இன்னும் சொல்லவில்லை. ஆனால் அவள் போன வாரம் கழக்கூட்டத்திலிருந்து கூப்பிட்டு, அந்தப் பையனிடம் நேராகச் சொல்லிவிட்டதாகச் சொன்னாள்: இன்னொரு தடவை அவள் பெயரை எடுத்தால் பத்திரிகையைத் திருப்பி வாங்கிக்கொள்ளலாம் என்று. "ஆணி கதையும் சொன்னேன் சித்தி" என்றாள். அவன் என்ன சொன்னான் என்று கேட்டேன். "கையில இருந்த போனைக் கீழே வெச்சுட்டு என்னைப் பார்த்தான்" என்றாள். அது போதுமா? உங்களுக்கு என்ன தோன்றுகிறது?

மாதக்கடைசியில் கணக்கு எழுதினேன். அரக்குப் புடவையை எந்தத் தலைப்பில் எழுதுவது என்று பேனாவை வைத்துக்கொண்டு யோசித்தேன். உங்களுக்கும் இல்லை, எனக்கும் இல்லை. கடைசியில் "மாமியார்" என்று எழுதிவிட்டேன். அவர் எட்டிப் பார்த்தார், வாயைப் பொத்திக்கொண்டு போனார். சிரித்தாரா என்று தெரியவில்லை.

உங்களுக்கு இரண்டு வாக்குக் கொடுக்கிறேன். வருகிற திதிக்கு மாந்தளிர்ப் பச்சையில் புடவை எடுப்பேன். அவரைக் கூட்டிக்கொண்டுபோய், அவரையே சொல்லவைத்து எடுப்பேன். இலையில் கஞ்சியும் சுட்ட பப்படமும்தான் முதலில் விழும். இரண்டாவது, எனக்கு என்ன பிடிக்கும் என்று அந்த மனுஷன் கண்டுபிடிக்கிறவரைக்கும் நான் அங்கே வருகிறதாக இல்லை. நீங்கள் எனக்காக இடம் பார்த்து வைக்கவேண்டாம்.

இப்படிக்கு,
உங்கள் பெயர் வெட்டின பாத்திரத்தில் சமைத்துக்கொண்டு, இன்னும் இருக்கிற
உங்கள் தங்கை